ஆறு பேருக்கும் நானே ஆடினேன்

சேர்ந்து ஆடுவதற்கென்றே செய்யப்பட்ட ஆட்டத்தைச் சேர்ந்து ஆடத் தெரியாதவன் நான். மேசையிலிருந்து ஒருவர் விலகிப் போகும்போதெல்லாம் ஒரு புதுப் பெட்டி வாங்கினேன். ஆட்டத்தில் ஏதோ போதவில்லை, அதை வாங்கிச் சேர்த்துவிட்டால் போனவர்கள் திரும்பி வருவார்கள் என்று நம்பினேன். நம்பினேன் என்பதுகூட முழு உண்மை இல்லை. நம்ப விரும்பினேன். அவர்கள் என்னைப் பொறுக்க முடியாமல்தான் போனார்கள் என்பது மனத்தின் ஓர் ஓரத்தில் தெரிந்தே இருந்தது.

ஆட்டத்தின் பெயர் ஜாம்பிசைட். பிரான்சின் கில்லட்டின் கேம்ஸ் உருவாக்கிய இந்தப் பலகை ஆட்டத்துக்கு 2012 இல் கிக்ஸ்டார்ட்டர் என்ற நிதி திரட்டும் தளத்தில் சுமார் 7.8 லட்சம் டாலர் திரண்டது. வெளியிட்ட சிஎம்ஓஎன் நிறுவனத்தின் தலைமையகம் இங்கே சிங்கப்பூரில். நம் ஊர்ப் பெயர் போட்ட ஒன்று உலகம் முழுக்க மேசைகளில் ஏறுகிறது என்பதில் எனக்குத் தனிப் பெருமை. முதல் பெட்டியை வாங்கியபோது மனைவியிடம் அதைத்தான் காரணமாகச் சொன்னேன்.

இதில் ஆடுபவர்களுக்குள் எதிரி கிடையாது. ஜாம்பிகளை நடத்துவது விதிகளும் அட்டைகளும்தான். ஆளுக்கு ஒரு கதாபாத்திரத்தை எடுத்துக்கொண்டு, நகர்வது, கதவை உடைப்பது, அறையைத் துழாவுவது, தாக்குவது என்று ஒரு முறைக்கு மூன்று செயல்கள் செய்யலாம். ஜெயித்தால் எல்லாரும் ஜெயிக்கிறோம், தோற்றால் எல்லாரும் தோற்கிறோம். ஜாம்பியைக் கொன்றால் புள்ளி ஏறும். 7 புள்ளியில் மஞ்சள், 19 இல் ஆரஞ்சு, 43 இல் சிவப்பு. நிறம் மாறும்போது நம் ஆளுக்குப் புதுத் திறமை கிடைக்கும். ஆனால் புதிதாக முளைக்கும் ஜாம்பிகளின் எண்ணிக்கையையும் அந்த நிறம்தான் தீர்மானிக்கிறது. அதுவும் மேசையில் இருப்பவர்களிலேயே மிக முன்னேறியவரின் நிறத்தை வைத்து. ஒருவர் அவசரப்பட்டு மஞ்சளுக்குப் போய்விட்டால், இன்னும் கத்திகூடக் கிடைக்காதவரின் தலையிலும் மஞ்சள் நிலைக் கூட்டம் வந்து விழும்.

இந்த ஒரு விதியை என் சாட்டையாக ஆக்கிக்கொண்டேன். "நீ இப்போ கொன்னா எல்லாருக்கும் ஆபத்து" என்று சொல்ல எனக்கு நியாயம் கிடைத்துவிட்டது. நான் சொல்வதில் தப்பும் இருக்காது. கணக்கு எனக்கு வேகமாக வரும். எந்த ஜாம்பி எந்தப் பக்கம் திரும்பும், எந்த அறையில் சத்தம் அதிகம், இரண்டு முறை கழித்து யார் எங்கே மாட்டுவார்கள் என்பதெல்லாம் மற்றவர்கள் அட்டையைப் படித்து முடிப்பதற்குள் என் தலையில் ஓடி முடிந்திருக்கும். அதனால் அவர்கள் முறை வருவதற்கு முன்பே அவர்கள் என்ன செய்ய வேண்டும் என்று சொல்லிவிடுவேன். சொல்லியும் தயங்கினால் கை நீட்டிக் காயை நானே நகர்த்துவேன்.

அக்கா மகள் அப்போது உயர்நிலைப் பள்ளியில் படித்துக்கொண்டிருந்தாள். ஆட்டம் ஆரம்பித்த கொஞ்ச நேரத்திலேயே அவளுக்கு ஒரு கட்டடத்தின் கதவைத் திறக்க வேண்டும் என்று ஆசை. உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்கும் ஆசைதான். கதவைத் திறந்தால் அந்தக் கட்டடத்தின் அறைகளில் ஜாம்பிகள் முளைக்கும். நான் அவள் கையிலிருந்த காயை வாங்கிப் பழைய இடத்தில் வைத்து, "முதல்ல ஆயுதம் தேடு" என்றேன். அவள் கொஞ்ச நேரம் பலகையையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு தன் அட்டையை என் பக்கம் தள்ளி, "மாமா, என் ஆளையும் நீங்களே ஆடுங்க" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. அலுத்துப்போய்ச் சொன்னாள். நான் அட்டையை எடுத்துக்கொண்டேன். அந்த ஆட்டத்தில் ஜெயித்தோம். ஜெயித்ததற்கு நான் மேசையைத் தட்டி ஆர்ப்பரித்தது நினைவிருக்கிறது. அவள் முகம் எப்படி இருந்தது என்று நினைவில்லை, ஏனென்றால் நான் பார்க்கவில்லை.

அடுத்த வாரம் அவளுக்கு டியூஷன். அதற்கடுத்த வாரமும்.

ஒன்றை இங்கே சொல்லியாக வேண்டும். பல ஆண்டுகள் கழித்துத்தான் புரிந்தது, அந்தக் கதவு விஷயத்தில் அவள் செய்ய நினைத்தது சரி. எல்லாரும் தொடக்க நிறமான நீலத்தில் இருக்கும்போதே கதவுகளைத் திறந்துவிட்டால் உள்ளே முளைக்கும் கூட்டம் சிறியதாக இருக்கும். மஞ்சளும் ஆரஞ்சும் ஆன பிறகு திறந்தால் அதே கதவு நம்மை முடித்துவிடும். அவள் அதைக் கணக்குப் போட்டுச் சொல்லவில்லை, உண்மைதான். ஆனால் ஒருமுறை திறக்க விட்டிருந்தால் என் கணக்கின் ஓட்டை எனக்கே தெரிந்திருக்கும்.

தம்பி விஷயம் இன்னும் மோசம். ஆள் யாரும் கண்ணில் படாவிட்டால் ஜாம்பிகள் அதிகச் சத்தம் வரும் இடத்தை நோக்கிப் போகும். ஒரு செயலைச் செலவழித்து வேண்டுமென்றே சத்தம் போடலாம். கூட்டத்தை வேறு பக்கம் இழுக்க ஒரு தூண்டில் தேவைப்படும் போதெல்லாம் நான் தம்பியின் ஆளைத்தான் அனுப்பினேன். அவன் என்னை எதிர்த்துப் பேச மாட்டான் என்பதைத் தவிர அதற்கு வேறு காரணமே இல்லை. முதல் பதிப்பில் இரண்டு காயம் பட்டால் ஆள் செத்துவிடுவார், ஆட்டத்திலிருந்தே வெளியே. தம்பி செத்துப்போய்ச் சோபாவில் உட்கார்ந்து கைப்பேசியைப் பார்த்துக்கொண்டிருப்பான். நாங்கள் ஆடுவோம். ஒரு நாள் "அண்ணே, நான் கிளம்புறேன், நாளைக்கு வேலை இருக்கு" என்று எழுந்து போனான்.

அந்தச் சமயத்தில்தான் இரண்டாம் பருவத்துக்கான நிதி திரட்டல் வந்தது. 2013. சிறைச்சாலையை வைத்து ஒரு பெட்டி, வணிக வளாகத்தை வைத்து ஒரு விரிவாக்கப் பெட்டி. அதில் ஜாம்பிவோர் என்று ஒரு புது முறை: செத்த ஆள் ஜாம்பியாக எழுந்து, நம் பக்கமே நின்று தொடர்ந்து ஆடலாம். படித்ததும் எனக்கு அப்படியொரு நிம்மதி. தம்பி போனதற்குக் காரணம் கிடைத்துவிட்டது, மருந்தும் கிடைத்துவிட்டது. ஆட்டத்தில் செத்தவனுக்கு வேலை இல்லை, அது வடிவமைப்பின் குறை, இந்தப் பெட்டி அதைத் தீர்த்துவிட்டது. பணம் கட்டினேன். பெட்டி வந்து, தம்பியை வற்புறுத்தி அழைத்து உட்காரவைத்தபோது அவன் ஆள் செத்து ஜாம்பிவோராக எழுந்தார். அந்த ஜாம்பிவோர் எங்கே போக வேண்டும் என்றும் நான்தான் சொன்னேன்.

விரிவாக்கப் பெட்டிகளைப் பற்றி வெளியே தெரியாத ஒன்று உண்டு. ஒவ்வொரு பெட்டியும் புதுக் காய்களோடு புது விதிகளையும் கொண்டுவரும். சிறைச்சாலைப் பெட்டியில் வரும் பெர்சர்க்கர் ஜாம்பிக்குத் துப்பாக்கி பலிக்காது, கிட்டே போய்த்தான் அடிக்க வேண்டும். வளாகப் பெட்டியின் நச்சு ஜாம்பியோ நேர் எதிர், கிட்டே போய் அடித்தால் அதன் ரத்தம் தெறித்து நமக்குக் காயம். மூன்றாம் பருவத்தில் இடுப்புக்குக் கீழ் இல்லாமல் தவழ்ந்து வருபவை. இவை போக நாய்கள், காக்கைகள். 'பிளாக் பிளேக்' என்ற இடைக்காலப் பதிப்பில் மந்திரவாதிகள், அதன் 'வுல்ஃப்ஸ்பர்க்' விரிவாக்கத்தில் ஒரு முறைக்கு மூன்று செயல் செய்யும் ஓநாய்கள். இத்தனையையும் உட்கார்ந்து படித்தவன் எங்கள் வீட்டில் நான் ஒருவன்தான். முதல் பெட்டி மட்டும் இருந்த காலத்தில் மற்றவர்களுக்கும் ஆட்டம் ஓரளவு தெரியும். என் பேச்சை மறுக்க அவர்களுக்கு ஒரு வழி இருந்தது. ஒவ்வொரு பெட்டி சேரச் சேர அவர்களுக்குத் தெரிந்தது குறைந்துகொண்டே போனது. எதைச் செய்யலாம், எதைச் செய்யக் கூடாது என்று என் முகத்தைப் பார்த்தே ஆட வேண்டிய நிலை வந்தது. அவர்களைத் திரும்பக் கொண்டுவர வாங்குகிறேன் என்று சொல்லிக்கொண்டு, அவர்கள் கையில் மிச்சமிருந்ததையும் பிடுங்கிக்கொண்டேன். இதை அந்தக் காலத்தில் திட்டமிட்டுச் செய்தேன் என்று சொல்ல மாட்டேன். ஆனால் அப்படி அவர்கள் என் முகத்தைப் பார்த்தபோது எனக்குப் பிடித்திருந்தது. அதை மறைக்க முடியாது.

கூடுதல் ஜாம்பிக் காய்கள் மட்டுமே அடங்கிய பெட்டிகளையும் வாங்கினேன். இதைக் கொஞ்சம் விளக்கினால்தான் புரியும். ஆட்டத்தில் ஒரு விதி: புதிதாக ஒரு வகை ஜாம்பி முளைக்க வேண்டிய நேரத்தில் அந்த வகைக் காய் பெட்டியில் தீர்ந்துபோயிருந்தால், பலகையில் இருக்கும் அந்த வகை ஜாம்பிகள் எல்லாம் உடனே இன்னொரு முறை நகரும். அதாவது பெட்டியில் இருக்கும் காய்களின் எண்ணிக்கையே ஒரு கடிகாரம். கூட்டத்தைக் குறைக்காமல் சும்மா இருந்தால் ஒரு கட்டத்தில் அது நம் மேல் பாயும். அற்புதமான விதி இது; மேசையில் பதற்றம் பிறப்பதே அங்கேதான். நான் காய்களாக வாங்கிக் குவித்ததில் அந்தக் கடிகாரம் நின்றுபோனது. மேசை கொள்ளாத அளவுக்குச் சாம்பல் நிறப் பிளாஸ்டிக் நின்றது. பார்க்கப் பிரமாதமாக இருந்தது. ஆட்டம் சப்பென்று ஆகிவிட்டது. அதற்கும் நான் எடுத்த முடிவு, இன்னும் கடினமான விரிவாக்கம் வாங்க வேண்டும் என்பதே.

பணத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். மூன்றாம் பருவத்துக்கு 28 லட்சம் டாலர், 2015 இல் பிளாக் பிளேக்குக்கு 40 லட்சம், 2017 இல் 'கிரீன் ஹோர்ட்'டுக்கு 50 லட்சம் என்று ஒவ்வொரு நிதி திரட்டலும் முந்தியதைத் தாண்டியது. இலக்கைத் தாண்டத் தாண்டப் பெட்டியில் இலவசக் காய்கள் சேரும். அவற்றில் சில கடைக்கே வராது. அப்போது பணம் கட்டியவர்களுக்கு மட்டும்தான். கடைசி இரண்டு நாள் இரவில் கண்விழித்துத் திரையைப் பார்த்துக்கொண்டிருப்பேன். பணம் கட்டிப் பெட்டி வந்து சேர ஒரு வருடம்கூட ஆகும். அந்த ஒரு வருடத்தில் யாரோடு ஆடப் போகிறேன் என்று ஒரு தடவையும் யோசிக்கவில்லை. மனைவியிடம் பாதி விலைதான் சொன்னேன். எங்கள் வீவக அடுக்குமாடி வீட்டில் பாம் ஷெல்டர் எனும் பதுங்கறையைத்தான் சாமான் அறையாக வைத்திருக்கிறோம். அரிசி மூட்டையும் பெட்டிகளும் போட்டி போட்டதில் அரிசி மூட்டை சமையலறைக்கு வந்தது. "ஏங்க, இதுல பிரிக்காததே பாதி இருக்கே" என்று ஒரு நாள் கேட்டாள். பிரித்தவற்றைப் பற்றி அவள் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அதற்கும் பொய்தான் சொல்லியிருப்பேன்.

கூட்டு ஆட்டங்களில் ஒருவரே எல்லாரையும் நடத்தும் இந்த நோய் ஆட்டக்காரர்கள் எல்லாருக்கும் தெரிந்ததுதான். 2008 இல் மேட் லீகாக்கின் 'பாண்டமிக்' வந்து கூட்டு ஆட்டம் பரவலானதிலிருந்தே இதைப் பற்றிப் பேசுகிறார்கள். வடிவமைப்பாளர்கள் வழியும் கண்டுபிடித்தார்கள். 'ஹனாபி'யில் உங்கள் அட்டையை நீங்களே பார்க்க முடியாது. 'தி க்ரூ'வில் அட்டைகளைப் பற்றி வாய் திறந்து பேசக் கூடாது. ஜாம்பி ஆட்டங்களில் அந்த வழியைக் கண்டது 'டெட் ஆஃப் வின்டர்', 2014. ஜான் கில்மரும் ஐசக் வேகாவும் செய்தது. பனிக்காலத்தில் உணவில்லாமல் ஒடுங்கிக் கிடக்கும் ஒரு சிறு குடியிருப்பு. எல்லாருக்கும் ஒரு பொது நோக்கம். அதற்கு மேல் ஒவ்வொருவருக்கும் ஒரு ரகசிய நோக்கம். ஒருவருக்கு மருந்துகளைப் பதுக்க வேண்டும், இன்னொருவருக்கு எரிபொருள். மேசையில் ஒரு துரோகி இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். யாரும் யாருக்கும் முழுதாகத் திட்டம் போட்டுக் கொடுக்க முடியாது, ஏனென்றால் அடுத்தவருக்கு என்ன வேண்டும் என்று தெரியாது. என்னைப் போன்றவனை அடக்குவதற்கென்றே செய்த ஆட்டம் என்று சொல்வேன். வாங்கினேன். இதையும் மருந்தென்று நினைத்துத்தான் வாங்கினேன். அதே வரிசையில் 2016 இல் வந்த 'தி லாங் நைட்'டையும், முதல் பெட்டியைச் சரியாக ஆடிப் பார்ப்பதற்கு முன்பே வாங்கிவிட்டேன்.

தம்பியும், என் நண்பனும், அவன் மனைவியும், நானும் உட்கார்ந்தோம். சந்தேகம் வந்தால் ஒருவரைக் குடியிருப்பிலிருந்து வெளியேற்ற வாக்கெடுப்புக் கேட்கலாம் என்று அந்த ஆட்டத்தில் ஒரு விதி உண்டு. குடியிருப்புக்கு மருந்து தேவைப்பட்ட ஒரு நெருக்கடியில் தம்பி அட்டை போடவில்லை. நான் போடச் சொன்னேன். "இல்லண்ணே, இந்தத் தடவை முடியாது" என்றான். மறுபடி சொன்னேன். சிரித்துக்கொண்டே தலையாட்டினான். வாக்கெடுப்புக் கேட்டேன். மற்ற இருவருக்கும் ஆட்டம் புதிது. நான் கை தூக்கியதும் அவர்களும் தூக்கினார்கள். தம்பி தன் ரகசிய அட்டையைத் திருப்பிக் காட்டாமல் மேசையில் கவிழ்த்துவைத்துவிட்டு எழுந்தான். ஆட்டம் முடிந்து நான் பார்த்தேன். மருந்து அட்டைகளைக் கையில் வைத்திருக்க வேண்டும், அவ்வளவுதான் அவன் நோக்கம்.

அதோடு எங்கள் வெள்ளிக்கிழமை ஆட்டங்கள் முடிந்தன. யாரும் இனி வர மாட்டேன் என்று சொல்லவில்லை. ஏதோ வேலை, ஏதோ உடம்பு சரியில்லை.

பிறகு தனியாக ஆடினேன். பிளாக் பிளேக்கில் எத்தனை பேர் உட்கார்ந்தாலும் பலகையில் ஆறு ஆட்கள்தான். ஒருவரே ஆறு பேரையும் நடத்தலாம், விதியே அனுமதிக்கிறது. மனைவி தூங்கிய பிறகு மேசையில் பலகையைப் பரப்பி, ஆறு அட்டைகளையும் வரிசையாக வைத்து ஆடுவேன். யாரும் தயங்கவில்லை, யாரும் கதவைத் திறக்க ஆசைப்படவில்லை. ஏக்கத்தோடு ஆடினேன் என்று சொன்னால் கேட்பவர்களுக்கு என் மேல் இரக்கம் வரும். அது பொய். அந்த இரவுகளில் எனக்கு நிறைவாக இருந்தது. நான் எப்போதும் விரும்பியது அதைத்தான். மற்றவர்கள் மேசையில் இருந்த காலத்திலும் அவர்கள் அப்படித்தான் இருக்க வேண்டும் என்று நினைத்திருக்கிறேன்: என் ஆறு அட்டைகளாக.

இந்த ஜாம்பி ஆட்டங்களுக்கெல்லாம் மூலம் ஜார்ஜ் ரொமேரோவின் 1968 ஆம் ஆண்டுப் படம், 'நைட் ஆஃப் தி லிவிங் டெட்'. ஒரு பண்ணை வீட்டுக்குள் மாட்டிக்கொண்டவர்கள், வெளியே பிணங்கள். தரைத்தளத்தில் நின்று தடுக்கலாம் என்கிறார் பென், நிலவறைக்குள் போய்ப் பூட்டிக்கொள்ளலாம் என்கிறார் கூப்பர். யார் பேச்சைக் கேட்பது என்ற சண்டையிலேயே வீடு விழுகிறது. நான் எப்போது பார்த்தாலும் பென் பக்கம்தான். கூப்பர் கோழை, சுயநலக்காரர், எரிச்சலூட்டுபவர். ஆனால் கடைசியில் தனியாக மிஞ்சும் பென் இரவைக் கழிப்பது கூப்பர் சொன்ன அதே நிலவறையில். எத்தனையோ தடவை பார்த்த படத்தில் அந்த ஒன்றை மட்டும் நான் கண்டுகொண்டதே இல்லை.

2025 இல் சிஎம்ஓஎன் புதிய ஆட்டங்களையும் நிதி திரட்டல்களையும் நிறுத்திவைத்தது. ஜாம்பிசைட்டின் உரிமை அஸ்மோடி நிறுவனத்துக்குக் கைமாறியது. செய்தியைப் படித்ததும் எனக்கு முதலில் வந்த எண்ணம், இனி எந்தப் பெட்டியெல்லாம் கிடைக்காமல் போகும் என்பதுதான். இங்கே எழுதியதெல்லாம் அதற்குள் எனக்குத் தெளிவாகத் தெரிந்திருந்தது. தெரிந்தும் அன்றே தேடிப்பிடித்து வாங்கினேன். இன்னும் பிரிக்கவில்லை.

அக்கா மகள் இப்போது வேலைக்குப் போகிறாள். நண்பர்களோடு ஆட முதல் பெட்டியைக் கேட்டு வந்தாள். விரிவாக்கங்களையும் எடுத்துக்கொண்டு போகச் சொன்னேன். "அது மட்டும் போதும் மாமா" என்றாள். அவள் வருவதற்கு முன்பே ஒரு தாள் நிறையக் குறிப்புகள் எழுதிப் பெட்டிக்குள் வைத்திருந்தேன். அதை எடுத்துவிட நேரம் இருந்தது. எடுக்கவில்லை.

தம்பியிடம் சொல்ல வேண்டியது ஒன்று பாக்கி இருக்கிறது. டெட் ஆஃப் வின்டரில் ஆளுக்கு இரண்டு என்ற கணக்கில் சாதாரண ரகசிய அட்டைகளோடு ஒரே ஒரு துரோகி அட்டையைக் கலந்துதான் பங்குவைக்க வேண்டும். நாலு பேருக்கு ஒன்பது அட்டை, அதில் நாலுதான் வெளியே வரும். மேசையில் துரோகி இருப்பதற்கே பாதிக்கும் குறைவான வாய்ப்பு. அந்தக் கணக்கை அன்று அட்டை கலைக்கும்போதே நான் போட்டுவிட்டேன். வாக்கெடுப்புக் கேட்டபோது தம்பி துரோகி என்று நான் நினைக்கவில்லை. சொன்னதைச் செய்யவில்லை என்பதற்காகக் கேட்டேன். மற்ற இருவரையும் அவனுக்கு எதிராகக் கை தூக்கவைத்தேன். அவன் எங்கள் யாரையும் ஏமாற்றவில்லை. அந்த மேசையில் பொய்யாக வாக்களித்தவன் நான் ஒருவன்தான். இத்தனை வருடத்தில் இதை அவனிடம் நேரில் சொல்லவில்லை. தீபாவளிக்கு அவன் வீட்டுக்குப் போகிறேன். அங்கே சொல்ல வேண்டும்.